ஒற்றைக் காலில் ஒரு நிமிடம்

அன்பு மருமகளுக்கு,

நீ எடுத்த குறும்படத்தை இரண்டு முறை பார்த்தேன். எல்லாரும் ஓடுகிறார்கள், குதிக்கிறார்கள். யாருமே நிற்கவில்லை. சும்மா நிற்பதை எடுத்தால் அலுத்துவிடும் என்று எழுதியிருந்தாய். அலுக்காது கண்ணு. அதற்கு ஒரு படம் சொல்கிறேன்.

மாயா டெரன் 1948இல் அமெரிக்காவில் எடுத்த ‘மெடிடேஷன் ஆன் வயலன்ஸ்’. 12 நிமிடம்; வசனம் கிடையாது. சாவோ-லி சி என்ற ஒருவர் மட்டும் சீனத் தற்காப்புக் கலையின் அடவுகளைச் செய்கிறார். முதலில் வூ-டாங் முறை. மூலையே இல்லாத வளைந்த வெள்ளைச் சுவர், புல்லாங்குழல். கை முன்னே நீளும்போது அவருடைய எடை எந்தக் காலில் இறங்குகிறது என்று பார். பிறகு ஷாவோலின். ஹைட்டி நாட்டு முரசு சேர்ந்துகொள்கிறது, கையில் வாள் ஏறுகிறது. உச்சத்தில் அவர் துள்ளி எழும்ப, உடம்பு அந்தரத்தில் அப்படியே உறைகிறது. முரசும் நின்றுவிடுகிறது.

அதற்குப் பிறகுதான் விசேஷம். வூ-டாங் அடவுகள் திரும்ப வருகின்றன, பின்னோக்கி ஓட்டப்பட்டு. சொல்லாவிட்டால் கண்டுபிடிப்பது கஷ்டம். சாதாரணமாக ஒருவர் நடப்பதைப் பின்னோக்கி ஓட்டினாலே நமக்குச் சிரிப்பு வந்துவிடும். நடக்கும்போது உடம்பை முன்னால் விழவிட்டு, அடுத்த காலால் தாங்கிப் பிடிக்கிறோம். திருப்பி ஓட்டினால் அது காட்டிக்கொடுத்துவிடும். இவரோ எங்கேயும் விழுவதில்லை. எந்த நொடியில் நிறுத்தினாலும் நிலையாக நிற்பார். எனக்குத் தெரிந்த காரணம் இதுதான்.

இப்போது செருப்பைக் கழற்றிவிட்டு ஒற்றைக் காலில் நின்று பார். கால் விரல்கள் தரையைக் கவ்வும். கணுக்காலில் நரம்பு ஒன்று புடைத்துப் புடைத்து அடங்கும். கண்ணை மூடினால் ஆட்டம் கூடிவிடும். கண், உட்காது, பாதத்திலும் மூட்டுகளிலும் உள்ள உணர்வு, இந்த மூன்றும் மூளைக்கு ஓயாமல் சேதி அனுப்புவதால்தான் நிற்க முடிகிறது. ஒன்று குறைந்தால் அந்தப் பாரம் மற்ற இரண்டின் தலையில். அசையாமல் நிற்கிற உடம்பு ஒரு நொடிகூடச் சும்மா இருப்பதில்லை.

அடுத்த படத்துக்கு உன் தம்பியை ஒற்றைக் காலில் நிற்க வை. போனைக் கணுக்கால் உயரத்துக்கு இறக்கி வைத்து, ஒரு நிமிடம் வெட்டாமல் எடு. பாட்டு எதுவும் சேர்க்காதே. எடுத்ததும் முதலில் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
அத்தை