அக்குறணையில் சாப்பாட்டு உலா

கேள்வி: மெக்சிகோ நகரத்தில் வழிகாட்டியோடு தெருத்தெருவாகச் சாப்பிட அழைத்துப் போகிறார்களாம். அக்குறணையில் அப்படிப் போகலாமா?

பதில்: காசு கொடுத்து வழிகாட்டி எதற்கு? கண்டியில் மாத்தளை பஸ் ஏறுங்கள். ஏ9 வீதியில் சுமார் 10 கிலோமீட்டர். மஃரிப் தொழுகைக்குப் பிறகு இறங்கினால், இரும்புத் தட்டில் கொத்து ரொட்டி கொத்தும் சத்தமே வழிகாட்டும். தேநீர்க் கடையில் ரோல்ஸ், கட்லட், பட்டிஸ் எல்லாம் ஒரே தட்டில் வந்தால் மிரளாதீர்கள். தின்றதற்கு மட்டும்தான் காசு. மிச்சம் உள்ளே போய்விடும். (மெக்சிகோவின் டாக்கோக் கடைகள் பலவற்றிலும் தின்ற பிறகுதான் கணக்கு.) வட்டிலப்பம் கண்ணில் பட்டால் விடாதீர்கள்: கருப்பட்டி, முட்டை, தேங்காய்ப்பால், ஏலம். நோன்பு மாதத்தில் பகலில் போகாதீர்கள். அஸர் தொழுகைக்குப் பிறகு நோன்புக் கஞ்சி மணக்கும்.