ஓய்வுப் பணம் யாருடைய பணம்?

ஐப்பசி மழை பொய்த்தால் கரிசலில் உளுந்தும் இல்லை, பருத்தியும் இல்லை. அதனால்தான் கோவில்பட்டி வட்டாரத்தில் வீட்டுக்கு ஒருவருக்காவது அரசு வேலை கிடைக்காதா என்று துஆ கேட்கிறோம். பஸ் ஓட்டுநரோ, ஆசிரியரோ, நகராட்சித் தொழிலாளியோ ஓய்வு பெறும்போது வரவேண்டிய தொகையை நம்பித்தான் மகளின் நிக்காஹும், பாதியில் நிற்கும் வீடும், சிலருக்கு ஹஜ் நிய்யத்தும் காத்திருக்கின்றன. அது வராமல் மாதங்கள் ஓடும்போது, "தரும்போது தரட்டும்" என்று நம்மவர்கள் இருந்துவிடுகிறார்கள். இதை ஸபூர் என்று நினைக்கிறோம். ஸபூர் வேறு, உரிமையைக் கேட்காமல் விடுவது வேறு.

ஓய்வூதியம் அரசு மனமிரங்கித் தரும் சன்மானம் அல்ல, செய்த பணிக்காகச் சேர்ந்த உரிமை என்று நகாரா வழக்கில் 1982 டிசம்பர் 17 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தார்கள். உழைத்தவரின் கூலியைத் தாமதிக்காமல் கொடுக்கச் சொன்ன நபி (ஸல்) அவர்களின் உம்மத்துக்கு இது புதிய செய்தி அல்ல.

நாம் படிக்க வேண்டிய இன்னொரு வழக்கு கேரளத்தில் நடந்தது. பத்மநாபன் நாயர் என்ற அரசு ஊழியர் 1973 மே மாதம் ஓய்வு பெற்றார். ஓய்வூதியமும் பணிக்கொடையும் 1975 ஆகஸ்டில்தான் கைக்கு வந்தன. காரணம் ஒரே ஒரு தாள்: கருவூலத்திலிருந்து வரவேண்டிய இறுதி ஊதியச் சான்று. தாமதத்துக்கு 12 சதவீத வட்டி கேட்டு அவர் வழக்குப் போட்டார். கிடைத்தது 6 சதவீதம். அரசு உச்ச நீதிமன்றம் வரை போய் 1984-இல் தோற்றது. ஓய்வு பெற்று இரண்டு மாதம் கழிந்ததுமே தாமதத்துக்கான பொறுப்பு அரசைச் சேரும் என்றார்கள் நீதிபதிகள். 12 சதவீதமே கொடுக்க மனமிருந்ததாகவும் சொன்னார்கள். ஆனால் 6 போதாது என்று அவர் உயர் நீதிமன்றத்தில் எதிர்மனு போடாததால், கூட்டிக் கொடுக்க முடியவில்லை. வென்ற வழக்கிலும், கேட்காமல் விட்டது போனதுதான்.

போக்குவரத்துக் கழகம் போன்ற நிறுவனங்களில் வேலை பார்த்தவர்களின் பணிக்கொடைக்கு 1972-ஆம் ஆண்டுச் சட்டம் 30 நாள் கெடு வைத்தது. 2020 சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பும் அதையே சொல்கிறது. கெடு தாண்டினால் தொழிலாளர் துறையில் முறையிடலாம்.

அலுவலகத்துக்கு நடையாய் நடந்து கேட்டது எந்தக் கோப்பிலும் ஏறாது. எழுதிக் கொடுத்து, ஒப்புகை வாங்கி, நகலைப் பத்திரப்படுத்த வேண்டும். அதற்கும் பதில் இல்லையென்றால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. 2004 ஜூலையில் மதுரைக் கிளை வந்தபின் இதற்காகச் சென்னைக்கு அலைய வேண்டியதில்லை. பல நேரம் நீதிமன்றம், "இத்தனை வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து முடிவு செய்க" என்றுதான் உத்தரவிடும். உத்தரவு வந்ததுமே பணம் வந்த மாதிரி மகிழ்ந்து உட்கார்ந்துவிடக் கூடாது. கெடு முடிந்தும் அசையாவிட்டால் அவமதிப்பு மனு உண்டு, அதையும் ஓராண்டுக்குள் போட வேண்டும். வக்கீல் செலவுக்குப் பயப்படும் சகோதரிகள் கவனிக்க: பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பாராமல் இலவச சட்ட உதவி உண்டு. வட்ட சட்டப் பணிகள் குழுவில் கேட்கலாம்.

தாமதத்துக்குத் தரும் வட்டியை வாங்கலாமா என்று நம்மவர்கள் தயங்குகிறார்கள். நியாயமான தயக்கம். இது கடன் கொடுத்துப் பேசி வாங்கும் வட்டி அல்ல, இழப்பீடு என்பார் உண்டு. மேலே வருவது எதுவும் ரிபாவே, வாங்கி நன்மையை எதிர்பாராமல் ஏழைகளுக்குக் கொடுத்துவிட வேண்டும் என்பாரும் உண்டு. அவரவர் நம்பும் ஆலிமிடம் கேட்டுக்கொள்ளட்டும். அதற்காக அசல் பாக்கியைக் கேட்கும் மனுவையே போடாமல் விடுவதற்கு மார்க்கத்தில் காரணம் எதையும் நாம் காணவில்லை.

கணவர் மௌத்தான பிறகு இன்னொரு குழப்பம் வருகிறது. அவர் உயிரோடு இருந்த காலத்து ஓய்வூதியப் பாக்கி அவர் விட்டுச்சென்ற சொத்து, ஃபராயிள் கணக்கில் சேரும். குடும்ப ஓய்வூதியம் அப்படி அல்ல. அது இறந்தவரின் சொத்தில் சேராது, விதியில் சொன்னவருக்கே உரியது என்று 1991-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. விதிப்படி அது தாய்க்கு வரும்போது பிள்ளைகள் பங்கு கேட்க இடமில்லை.

குர்ஆனின் மிக நீண்ட ஆயத்தே கொடுக்கல் வாங்கலை எழுதி வைப்பது பற்றியது. நம் வீடுகளிலோ நியமன ஆணையும், பணிப்பதிவேட்டு நகலும், வாரிசு நியமனப் படிவமும் அத்தா பூட்டிய டிரங்குப் பெட்டியில் இருக்கின்றன. சாவி எங்கே என்று அம்மாவுக்குத் தெரியாது. இந்த ஜும்ஆவுக்குப் பிறகு வீட்டில் அதைத் திறந்து, எது இருக்கிறது, எது இல்லை என்று இருவருமாக உட்கார்ந்து பாருங்கள்.