இரண்டு ஜான் பென்னிகுயிக்

அன்புள்ள மருமகனுக்கு,

பள்ளிக்கு எழுதிய உன் கட்டுரை வந்து சேர்ந்தது. கையெழுத்து முன்னைவிடத் திருந்தியிருக்கிறது. ஆனால் ஒரு சிக்கல் இருக்கிறது. 1849-இல் சில்லியன்வாலா போரில் ஜான் பென்னிகுயிக் இறந்தார் என்று எழுதியவன், அடுத்த பத்தியில் 1895-இல் அவரே பெரியாறு அணையைக் கட்டி முடித்தார் என்றும் எழுதியிருக்கிறாய். உன் பேரில் தப்பில்லை. அப்பா, மகன் இருவருக்கும் ஒரே பெயர். ஆங்கிலேய ராணுவத்தின் தளபதி அப்பா. நம் அணையைக் கட்டியவர் மகன். அப்பாவைப் பற்றித் தமிழில் யாரும் அதிகம் எழுதியதில்லை. அதனால் அவரிடமிருந்தே தொடங்குகிறேன்.

ஸ்காட்லாந்துக்காரரான அவர் இளவயதில் படையில் சேர்ந்து நாற்பது ஆண்டுக்கு மேல் அதிலேயே இருந்தார். அவர் போன இடங்களை உலகப் படத்தில் தேடிப் பார். 1811-இல் ஜாவாவை டச்சுக்காரரிடமிருந்து பிடிக்கப் போனார். பிறகு முதல் பர்மா போர். 1839-இல் ஆப்கானிஸ்தானத்தின் கஜ்னி கோட்டை, அதே ஆண்டு பலுசிஸ்தானின் கலாத். எங்கே வணிகமும் வரியும் கிடைக்குமோ அங்கே ஆங்கிலேயர் படை போயிற்று, படை போன இடமெல்லாம் அவரும் போனார். அவர் தைரியசாலி என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அந்தத் தைரியம் யாருக்குப் பயன்பட்டது என்று கேட்காமல் ஒரு தளபதியின் கதையைப் படிக்காதே.

கடைசிப் போர் பஞ்சாபில். இன்று பாகிஸ்தானில் இருக்கிறது சில்லியன்வாலா. 1849 ஜனவரி 13, பிற்பகல். மறுநாள் பார்த்துக்கொள்ளலாம் என்று முகாம் போடத் தொடங்கிய வேளையில் சீக்கியரின் பீரங்கிகள் முழங்கின. தலைமைத் தளபதி கஃப் பிரபு, பொழுது சாய இன்னும் கொஞ்ச நேரமே இருக்க, உடனே தாக்கச் சொல்லிவிட்டார். எதிரே ஷேர் சிங் அட்டாரிவாலாவின் படை. நடுவில் முள்ளும் புதரும் அடர்ந்த காடு. எதிரி எங்கே நிற்கிறான் என்பதே கண்ணுக்குத் தெரியாது.

பென்னிகுயிக்கின் பிரிகேடில் 24-ஆம் ஆங்கிலேயக் காலாட்படையும், 25, 45-ஆம் வங்காளக் காலாட்படைகளும் இருந்தன. அதாவது பாதிக்கு மேல் நம் நாட்டுச் சிப்பாய்கள். டிவிஷன் தளபதி காலின் கேம்ப்பெல் 24-ஆம் படைக்கு இட்ட கட்டளை, துப்பாக்கியால் சுடாமல் பயனெட்டால் மட்டுமே தாக்க வேண்டும் என்பது. அவர்கள் அப்படியே செய்தார்கள். ஓடி, மூச்சு வாங்க, பக்கத்துப் படைகளை முந்திக்கொண்டு பீரங்கிகளை எட்டியும் விட்டார்கள். எட்டியபோது துணைக்கு யாரும் இல்லை. அந்த ஒரு ரெஜிமென்ட்டில் மட்டும் 500-க்கும் மேற்பட்டோர் செத்தார்கள் அல்லது காயப்பட்டார்கள். பிரிகேடியர் பென்னிகுயிக் குண்டு பட்டு விழுந்தார். அவருடைய மகன் அலெக்சாண்டர், வயது 17, அதே படையில் இளநிலை அதிகாரி. அப்பாவின் உடலை விட்டு நகர மறுத்து அங்கேயே செத்தான். உன்னைவிட மூன்று வயதுதான் மூத்தவன். இதை எழுதும்போது எனக்கு நெஞ்சு கனக்கிறது. எதிர்த்துச் செத்த சீக்கிய இளைஞர்களுக்கும் வீட்டில் அம்மா இருந்திருப்பாள் என்பதையும் சேர்த்தே சொல்கிறேன்.

அந்தப் போரில் இரு தரப்பும் வெற்றி என்றே சொல்லிக்கொண்டன. ஆங்கிலேயரின் இழப்பு, காயப்பட்டோரையும் சேர்த்து, சுமார் 2,400 பேர். லண்டனில் கஃப் மீது கடும் கண்டனம் எழுந்தது. ஆனால் அடுத்த மாதமே குஜராத் என்னும் ஊரில் (நம் குஜராத் மாநிலம் அல்ல) அவர் வென்றார், மார்ச் 29 அன்று பஞ்சாப் கிழக்கிந்தியக் கம்பெனியின் கையில் விழுந்தது.

இப்போது மகன். 1841 ஜனவரி 15 அன்று புனேயில் பிறந்தார். கணக்குப் பார், அப்பாவும் அண்ணனும் செத்தது அவருடைய எட்டாவது பிறந்தநாளுக்கு இரண்டு நாள் முன்னால். வளர்ந்து கம்பெனியின் அடிஸ்கோம்ப் ராணுவக் கல்லூரியில் படித்து, 1860-இல் மதராஸுக்குப் பொறியாளராக வந்தார். படைப் பொறியாளர்தான், அதனால்தான் கர்னல் பட்டம். அப்பா எட்டாத உயரத்தை மகன் எட்டினார் என்று பெருமையாக எழுதிவிடாதே. இருவரையும் அனுப்பியது ஒரே ஆட்சி. ஆனால் கிடைத்த வேலை வேறு.

அணையின் யோசனைகூட அவருடையது அல்ல. 1789-லேயே ராமநாதபுரம் அமைச்சர் முத்து இருளப்ப பிள்ளை, மேற்கே ஓடும் பெரியாற்றைக் கிழக்கே திருப்ப முடியுமா என்று ஆள் அனுப்பிப் பார்த்தார். 1808-இல் கால்டுவெல் என்ற அதிகாரி முடியாது என்றார். 1876-78 பஞ்சத்தில் மக்கள் கொத்துக் கொத்தாய்ச் செத்த பிறகுதான் மதராஸ் அரசு அசைந்தது. 1882-இல் திட்டத்தைத் திருத்தும் பொறுப்பு பென்னிகுயிக்கிடம் வந்தது. 1886 அக்டோபர் 29 அன்று திருவிதாங்கூரோடு 999 ஆண்டுக் குத்தகை. சுமார் 8,000 ஏக்கர், ஏக்கருக்கு ஆண்டுக்கு 5 ரூபாய். 1887-இல் வேலை தொடங்கி 1895-இல் முடிந்தது. சுண்ணாம்பும் சுர்க்கியும் (செங்கற்பொடி) கலந்த கட்டு. கட்டக் கட்ட வெள்ளம் அடித்துப் போயிற்று, மீண்டும் கட்டினார்கள்.

அவர் சொத்தை விற்றுக் கட்டினார் என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். ஆனால் அணை மதராஸ் அரசின் பணத்தில், மதிப்பீடு போட்டு, ஒப்புதல் பெற்றுக் கட்டப்பட்டது. அவரை நான் குறைத்துச் சொல்லவில்லை. கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கரில் இருபோகம் நெல் விளைகிறது, எங்கள் வீட்டுச் சோறும் அதில்தான். ஜனவரி 15 அன்று லோயர் கேம்ப் மணிமண்டபத்தில் பொங்கல் வைப்பவர்களில் நானும் ஒருவன். நன்றி சொல்ல நடந்த வேலையே போதும்.

அப்பாவின் களத்தில் செத்த அதிகாரிகளின் பெயர்கள் கல்லில் இருக்கின்றன. மகனின் அணையில் மதராஸ் பயனியர் படையினரும், கொச்சியிலிருந்து வந்த தச்சர்களும், நம் பக்கத்துக் கூலிகளும் வேலை செய்தார்கள். காடு, மழை, மலேரியா. நோயில் மட்டும் 400-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள் என்பது அரசுக் கணக்கு. அணைப் பக்கத்தில் கல்லறைகள் உண்டு, ஆனால் அங்கே கிடக்கும் பெரும்பாலோர் யார் என்று சொல்ல முடியாது. உன் கட்டுரையில் இவர்களுக்கு ஒரு வரிகூட இல்லை. எனக்கு மிகவும் வருத்தம் அதில்தான்.

இன்னொன்று. நீ பீர்மேட்டில் இருக்கிறாய். உன் வகுப்பில் அணைக்குக் கீழே உள்ள வண்டிப்பெரியார், உப்புதறை பக்கத்துப் பிள்ளைகள் இருப்பார்கள். மழைக்காலத்தில் அணையின் நீர்மட்டச் செய்தியைக் கேட்டுத் தூக்கம் கெடுகிறவர்கள் அவர்கள் வீட்டுப் பெரியவர்கள். 2014-இல் உச்ச நீதிமன்றம் 142 அடி வரை தேக்கலாம் என்று தீர்ப்புச் சொல்லியும் அந்தப் பயம் போகவில்லை. அது பொய்ப் பயம் என்று எழுதாதே. கம்பத்தானாகிய நானே சொல்கிறேன், எங்களுக்குத் தண்ணீர் வேண்டும், அவர்களுக்குப் பத்திரம் வேண்டும். அவர்களிடம் பேசி, அவர்கள் சொல்வதை அப்படியே எழுது.

இந்த முறை அப்பாவுக்கு ஒரு பத்தி போதும். மீதி இடத்தை அணை வேலை செய்தவர்களுக்குக் கொடு. தோட்டத்தில் வயதானவர்களைக் கேட்டுப் பார், கொள்ளுத்தாத்தா அந்த வேலைக்கு வந்தவர் என்று சொல்லும் குடும்பம் ஒன்றாவது இருக்கக்கூடும். கிடைத்தால் பெயரோடு குறித்து வை. அடுத்த விடுமுறையில் குமுளி வழியாக இறங்கி வா, சேர்ந்து படித்துத் திருத்துவோம். அம்மாவிடம் முருங்கை விதை கேட்டேன் என்று சொல்.

அன்புடன்,
உன் தாய்மாமன்,
கம்பம்