நிறத்தை எண்ணாக்கும் கோப்புகள்

க.பொ.த. உயர்தரம், தொழினுட்பப் பிரிவு

வட்டைக்குப் போனால் வாப்பா வரம்பில் நின்று ஒரு பார்வை பார்ப்பார். "வேளாண்மை வெளிறிட்டு, பசளை எறியணும்" என்பார். இலையின் பச்சை குறைந்தால் பயிருக்கு நைதரசன் போதவில்லை என்பது அவர் கண் கற்ற பாடம். பிலிப்பைன்ஸிலுள்ள சர்வதேச நெல் ஆராய்ச்சி நிறுவனம் இதற்கென்றே இலை நிற அட்டையைப் பரப்பியது. வெளிர் பச்சை முதல் கடும் பச்சை வரையான கட்டங்களோடு இலையை ஒப்பிட்டு யூரியாவின் தேவையை அறியலாம்.

இந்தப் பச்சையை எண்ணாக அளக்க முடியுமா? இதுவே எங்கள் செயற்றிட்டம்.

உணரியின் வேலை

நாங்கள் எடுத்தது டிசிஎஸ் 34725 என்னும் நிற உணரி. இதில் சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகள் இட்ட ஒளி இருவாயிகளும், வடிகட்டி இல்லாதவையும் உள்ளன. இலையில் பட்டுத் திரும்பும் ஒளியை இவை நான்கு எண்களாக மாற்றுகின்றன. ஒவ்வோர் எண்ணும் உணரிக்குள் இரண்டு சிறு நினைவறைகளில் இருக்கும். ஓர் அறையில் 0 முதல் 255 வரைதான் கொள்ளும். மேலறையில் 1, கீழறையில் 16 இருந்தால், 1 × 256 + 16 = 272 என்பதே அளவீடு.

நூலகக் கோப்புகள் எதற்கு?

உணரியின் முகவரி 41. அதை அழைத்து, விழிக்கச் செய்து, அறைகளைத் திறந்து, எண்களைச் சேர்க்க வேண்டும். ஒவ்வொருவரும் இதைப் புதிதாக எழுதத் தேவையில்லை. ஒருவர் எழுதியதை மற்றவர் எடுத்தாளலாம். அதுவே மென்பொருள் நூலகம். லிமோர் ஃப்ரீட் என்னும் பெண் பொறியியலாளர் 2005இல் தொடங்கிய அடாஃப்ரூட் நிறுவனம், ஆர்டுயினோ பலகைக்காக இந்த உணரியின் நூலகத்தை வெளியிட்டுள்ளது. யாரும் இலவசமாகத் திறந்து படிக்கலாம்.

அதில் மூன்று பகுதிகளை அறிந்தால் போதும். தலைப்புக் கோப்பில் என்னென்ன கட்டளைகள் உண்டு, எந்த அளவுகளைத் தெரிவு செய்யலாம் என்ற பட்டியல் இருக்கும். மூலக் கோப்பில் அந்தக் கட்டளைகள் செய்யும் வேலை எழுதப்பட்டிருக்கும். உதாரணக் கோப்புறையில் ஓடவிட்டுப் பார்க்கக்கூடிய மாதிரி நிரல்கள் இருக்கும்.

நாங்கள் விட்ட பிழை

வெளிறிய இலைக்கும் நல்ல இலைக்கும் எங்கள் உணரி 5 என்றே காட்டியது. உணரி பழுது என்று முடிவு கட்டினோம். இன்னொன்று வாங்க வாப்பாவிடம் காசு கேட்கவும் துணிந்துவிட்டேன். அன்றிரவுதான் தலைப்புக் கோப்பை முதன்முதலாகத் திறந்தேன். ஆங்கிலக் குறிப்புகளைக் கண்டு அதுவரை பயந்து ஒதுங்கியிருந்தேன்.

விடை அங்கேயே இருந்தது. நாம் எதுவும் குறிப்பிடாவிட்டால் நூலகம் ஒளி சேர்க்கும் நேரத்தை 2.4 மில்லிசெக்கன் என எடுத்துக்கொள்ளும். அதில் உச்ச எண்ணிக்கை 1024 மட்டுமே. நாங்களோ அடைப்புக்குறியை வெறுமையாக விட்டிருந்தோம். நேரத்தை 154 மில்லிசெக்கனாக மாற்றினோம். அது 64 மடங்கு. இப்போது இரு இலைகளும் 331, 372 எனப் பிரிந்து நின்றன. முன்பு 5க்குள் ஒளிந்திருந்த வேறுபாடு அது.

நேரத்தைக் கூட்டிக்கொண்டே போகவும் கூடாது. நல்ல வெயிலில் எண் 65535 என்ற உச்சத்தில் முட்டி நின்றால், மறுபடியும் எல்லா இலையும் ஒன்றாகிவிடும். ஆகவே இடத்துக்கேற்ற நேரத்தையும், 1, 4, 16, 60 என்னும் பெருக்க அளவுகளில் ஒன்றையும் நாமே தெரிவு செய்ய வேண்டும். வெளிச்சம் மாறினாலும் ஒப்பிட, பச்சை எண்ணை வடிகட்டி இல்லாத எண்ணால் வகுத்துக்கொள்வது நல்லது.

எங்கள் கருவி வாப்பாவின் கண்ணுக்கு இன்னும் ஈடாகவில்லை. எந்த எண்ணுக்கு எவ்வளவு பசளை என்று சொல்ல அவரும் இலை நிற அட்டையும் வேண்டும். ஆனால் ஒன்று கற்றுக்கொண்டோம். இரவல் வாங்கிய நிரல் வேலையைக் குறைக்கும், விளங்கிக்கொள்ளும் பொறுப்பைக் குறைக்காது. தோழியரே, அடுத்த முறை கருவியைக் குறை சொல்லுமுன் கோப்பைத் திறந்து பாருங்கள்.