புது வட்டு வாங்கியாச்சு, விளையாட்டு ஏன் இன்னும் மெதுவாகத் திறக்கிறது?



சென்ற மாதம் அறிவியல் பாடம் முடிந்து மணி அடித்த பிறகு, படிவம் நான்கு மாணவர் ஒருவர் என் மேசையருகே வந்து நின்றார். பள்ளி விடுமுறையில் வேலை பார்த்துச் சேர்த்த பணத்தில் தம் கணினிக்கு எஸ்எஸ்டி ஒன்றை வாங்கிப் பொருத்தியிருக்கிறார். "கேம் திறக்க முன்னே எவ்வளவு நேரம் ஆச்சோ, இப்பவும் அவ்வளவு நேரம்தான் ஆகுது சார். காசு வீணாப் போச்சா?" என்றார். முகம் வாடியிருந்தது.

"விளையாட்டு எந்த வட்டில் இருக்கிறது?" என்று கேட்டேன்.

"கணினியிலதான் சார்."

சிக்கல் இந்தப் பதிலில்தான் இருக்கிறது. பழைய வன்தட்டு அப்படியே இருக்க, பக்கத்தில் புதிய எஸ்எஸ்டியை இரண்டாவது வட்டாகப் பொருத்தியிருக்கிறார். விளையாட்டு இன்னும் பழைய வன்தட்டில்தான் குடியிருக்கிறது. புது வீடு கட்டிவிட்டு, பழைய வீட்டிலேயே படுத்துக்கொண்டு "இன்னும் வெயில் அடிக்கிறதே" என்று சொல்வது போன்ற கதை இது. விளையாட்டைப் புதிய வட்டுக்கு மாற்ற வேண்டும். எப்படி மாற்றுவது என்பதற்கு முன், மாற்றினால் ஏன் வேகம் கூடுகிறது என்று பார்த்துவிடுவோம். அதில் நீங்கள் வகுப்பில் படித்த இயற்பியல் நிறைய இருக்கிறது.

வன்தட்டின் உள்ளே என்ன நடக்கிறது?

வன்தட்டு ஓர் இயந்திரம். உள்ளே காந்தப் பூச்சு பூசிய தட்டுகள் சுழல்கின்றன. அவற்றின் மேல் சில நேனோமீட்டர் உயரத்தில், தட்டைத் தொடாமல், ஒரு படிக்கும் முனை அங்குமிங்கும் நகர்கிறது. 1956-இல் ஐபிஎம் நிறுவனம் வெளியிட்ட முதல் வன்தட்டில் 24 அங்குல விட்டமுள்ள 50 தட்டுகள் இருந்தன. அத்தனை தட்டுகளும் சேர்ந்து ஏறக்குறைய 50 லட்சம் எழுத்துகளைத்தான் சேமித்தன. இன்று உங்கள் கைப்பேசியில் எடுக்கும் ஒரு நல்ல புகைப்படமே அதில் அடங்காமல் போகலாம். அளவு எவ்வளவோ சுருங்கிவிட்டது. ஆனால் தட்டு சுழல்வதும் முனை நகர்வதும் மாறவில்லை.

மேசைக் கணினியின் வன்தட்டு பொதுவாக நிமிடத்திற்கு 7,200 முறை சுழலும். அதாவது வினாடிக்கு 120 சுற்று. ஒரு சுற்றுக்கு 1/120 வினாடி, அதாவது 8.3 மில்லிவினாடி. நமக்கு வேண்டிய தரவு முனைக்கு நேராக வரச் சில வேளை முழுச் சுற்றுக் காத்திருக்க வேண்டும், சில வேளை காத்திருக்கவே வேண்டாம். சராசரியாக அரைச் சுற்று, ஏறக்குறைய 4 மில்லிவினாடி. முனை சரியான தடத்துக்கு நகர இன்னும் ஏறக்குறைய 9 மில்லிவினாடி. ஆக, ஓர் இடத்தைத் தேடிப் பிடிக்கவே 13 மில்லிவினாடி ஆகிறது.

13 மில்லிவினாடி கண் இமைக்கும் நேரத்தைவிடக் குறைவுதானே என்று நினைப்பீர்கள். ஒரே இடம் என்றால் சரி. விளையாட்டில் ஒரு காட்சி திறக்க, சுவரின் படம், மரத்தின் வடிவம், காலடி ஓசை, எதிரியின் முகம் என்று எத்தனையோ துண்டுகளை வட்டின் பல இடங்களிலிருந்து எடுக்க வேண்டும். 2,000 இடங்கள் என்று வைத்துக்கொள்வோம். 2,000 × 13 மில்லிவினாடி = 26 வினாடி. இது தேடுவதற்கு மட்டும் ஆன நேரம். படிக்கும் நேரம் தனி.

எஸ்எஸ்டியில் சுழல்வதும் இல்லை, நகர்வதும் இல்லை. மின்காப்பால் சூழப்பட்ட கோடிக்கணக்கான நுண்ணிய அறைகளில் எலக்ட்ரான்கள் சிறைபட்டிருக்கின்றன. ஓர் அறையில் எவ்வளவு மின்னூட்டம் இருக்கிறது என்று அளந்து பார்த்தால் அங்கே எழுதியிருப்பது தெரிந்துவிடும். தோஷிபா நிறுவனத்தில் பணியாற்றிய ஃபுஜியோ மசுவோக்கா என்ற ஜப்பானியப் பொறியாளர் 1980-களில் உருவாக்கிய ஃபிளாஷ் நினைவகம்தான் இது. இங்கே ஓர் இடத்தைத் தேடிப் பிடிக்க ஏறக்குறைய 0.1 மில்லிவினாடி போதும். அதே 2,000 இடங்களுக்கு 0.2 வினாடி!

ஆனால் கடைக்காரர் சொல்வதை எல்லாம் அப்படியே நம்பிவிடாதீர்கள். சாட்டா வகை எஸ்எஸ்டி வினாடிக்கு ஏறக்குறைய 550 மெகாபைட் வரை படிக்கும். என்விஎம்இ வகையில் 3,500 மெகாபைட் என்று பெட்டியிலேயே அச்சிட்டிருப்பார்கள். ஆறு மடங்கு வேகம், ஆகவே விளையாட்டும் ஆறு மடங்கு வேகமாகத் திறக்கும் என்று கணக்குப் போட்டால் ஏமாற்றமே மிஞ்சும்.

ஏன்? ஒரு விளையாட்டு வன்தட்டிலிருந்து திறக்க 60 வினாடி ஆகிறது என்போம். அதில் 40 வினாடி வட்டிலிருந்து படிக்க. மீதி 20 வினாடி, சுருக்கி வைத்த கோப்புகளைச் செயலி விரித்து, காட்சியை ஆயத்தம் செய்ய. சாட்டா எஸ்எஸ்டி அந்த 40 வினாடியை 8 ஆக்குகிறது. மொத்தம் 28 வினாடி. என்விஎம்இ அந்த 8-ஐ ஒன்றரை வினாடியாக்கினாலும் மொத்தம் 21.5 வினாடிதான். செயலியின் 20 வினாடியை எந்த வட்டாலும் குறைக்க முடியாது. ஒரு வேலையின் ஒரு பகுதியை மட்டும் வேகப்படுத்தினால் மொத்தப் பயன் எந்த எல்லையில் நின்றுவிடும் என்பதை ஜீன் அம்டால் என்ற கணினி அறிவியலாளர் 1967-இலேயே விளக்கியிருக்கிறார். கணினிக்கு மட்டுமல்ல, காலையில் பள்ளிக்குப் புறப்படும் கணக்குக்கும் இது பொருந்தும். சட்டையை எவ்வளவு வேகமாக இஸ்திரி போட்டாலும் பேருந்து வரும் நேரத்துக்குத்தான் வரும்.

இன்னொன்று. விளையாடும்போது திரையில் வினாடிக்கு எத்தனை காட்சிகள் ஓடுகின்றன என்பது பெரும்பாலும் வரைகலை அட்டையையும் செயலியையும் பொறுத்தது. எஸ்எஸ்டிக்கு மாற்றினால் அந்த எண்ணிக்கை கூடாது. பரந்த உலகில் ஓடித் திரியும் விளையாட்டுகளில் இடையிடையே வரும் திணறல் வேண்டுமானால் குறையும்.

இனி, மாற்றுவது எப்படி?

ஒரே வட்டுக்குள் ஒரு கோப்புறையை வேறு இடத்துக்கு நகர்த்திப் பாருங்கள். 60 ஜிகாபைட் இருந்தாலும் நொடியில் முடிந்துவிடும். உண்மையில் எதுவும் நகர்வதில்லை. வட்டின் அட்டவணையில் முகவரி மட்டும் மாற்றி எழுதப்படுகிறது. இன்னொரு வட்டுக்கு என்றால் அப்படியல்ல. ஒவ்வொரு பைட்டும் படிக்கப்பட்டு, அங்கே எழுதப்பட்டு, பிறகு இங்கே அழிக்கப்பட வேண்டும். வன்தட்டு வினாடிக்கு 150 மெகாபைட் கொடுத்தால் 60 ஜிகாபைட்டுக்கு 400 வினாடி, ஏழு நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. சின்னச் சின்னக் கோப்புகள் நிறைய இருந்தால் இன்னும் கூடும். காரணம் உங்களுக்கே இப்போது தெரியும்.

இந்த இடைவெளியில்தான் ஆபத்து. நம் ஊரில் மாலை நேர இடிமழைக்கு மின்சாரம் போவது புதிதல்ல. 'கட்' செய்து 'பேஸ்ட்' செய்யும்போது பாதியில் கணினி அணைந்தால், கோப்புகள் பாதி அங்கும் பாதி இங்குமாகச் சிதறிக் கிடக்கலாம். ஆகவே கையால் மாற்றுவதாக இருந்தால் 'காப்பி' செய்யுங்கள். புதிய இடத்தில் விளையாட்டு ஒழுங்காக ஓடுகிறதா என்று பாருங்கள். பிறகு பழையதை அழியுங்கள்.

கையால் மாற்றுவதில் இன்னொரு தொல்லையும் உண்டு. விளையாட்டை நிறுவும்போது அதன் முகவரியை விண்டோஸும் விளையாட்டுச் செயலியும் குறித்து வைத்துக்கொள்கின்றன. நீங்கள் கோப்புறையைத் தூக்கி வேறிடத்தில் வைத்தால் அந்தக் குறிப்பு மாறுவதில்லை. வீடு மாறிய பிறகும் அடையாள அட்டையில் பழைய முகவரியே இருப்பது போல. பழைய இடத்தில் தேடிப் பார்த்து 'காணவில்லை' என்று சொல்லிவிடும்.

ஸ்டீம் வழியாக நிறுவிய விளையாட்டு என்றால் வேலை எளிது. செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதிக்குச் சென்று புதிய வட்டைச் சேர்த்துக்கொள்ளுங்கள். பழைய வட்டின் பட்டியலில் விளையாட்டைத் தேர்ந்தெடுத்து 'மூவ்' அழுத்துங்கள். கோப்பையும் முகவரியையும் அதுவே மாற்றிவிடும். மாற்றிய பிறகு கோப்புகள் முழுமையாக இருக்கின்றனவா என்று சரிபார்க்கும் வசதியும் அதிலேயே உண்டு. இப்படிப்பட்ட வசதி இல்லாத பழைய விளையாட்டுகளை நீக்கிவிட்டுப் புதிய வட்டில் மீண்டும் நிறுவுவதே நல்லது. தொடங்கும் முன் புதிய வட்டில் இடம் இருக்கிறதா என்று பாருங்கள். 500 ஜிகாபைட் என்று வாங்கிய வட்டை விண்டோஸ் 465 என்றுதான் காட்டும். கடைக்காரர் ஏமாற்றவில்லை. தயாரிப்பாளர் 1,000-ஆல் பெருக்குகிறார், விண்டோஸ் 1,024-ஆல் வகுக்கிறது.

இப்போது நான் செய்த தவறு ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். என் அக்காள் மகன் படிவம் ஒன்றில் இருந்தபோது அவனுடைய கணினிக்கு நானே எஸ்எஸ்டி போட்டுக் கொடுத்தேன். விண்டோஸைப் புதிதாக நிறுவினேன். விளையாட்டுக் கோப்புறையைப் பழைய வட்டிலிருந்து புதியதற்கு நகல் எடுத்தேன். திறந்து பார்த்தேன், ஓடியது. திருப்தியோடு பழைய வட்டைச் சுத்தமாக அழித்துவிட்டேன். மாலையில் அவன் உட்கார்ந்து பார்த்துவிட்டு, "மாமா, என் ஊரு எங்கே?" என்றான்.

அது கட்டடம் கட்டும் விளையாட்டு. இரண்டு ஆண்டுகளாக, பாலம், இரயில் நிலையம், பள்ளிவாசல், கோயில் என்று ஒரு நகரத்தையே கட்டியிருக்கிறான். அந்தச் சேமிப்பு விளையாட்டுக் கோப்புறையில் இல்லை. பயனர் கணக்கின் கீழே, வழக்கமாகக் கண்ணுக்குத் தெரியாத 'ஆப்டேட்டா' என்ற கோப்புறையில் இருந்திருக்கிறது. பல விளையாட்டுகள் சேமிப்பை இங்கேயோ 'டாக்குமெண்ட்ஸ்' கோப்புறையிலோதான் வைக்கின்றன. அறிவியல் ஆசிரியரான எனக்கு அது அன்று தோன்றவில்லை. நல்ல வேளையாக, நான்கு மாதங்களுக்கு முன் அவன் தன் நண்பனுக்கு ஒரு நகல் கொடுத்திருந்தான். இரயில் நிலையம் வரை கிடைத்தது. அதற்குப் பிறகு கட்டியதெல்லாம் போனதுதான். மூன்று நாள் என்னோடு சரியாகப் பேசவில்லை.

அதனால் பழைய வட்டில் கை வைக்கும் முன், உங்கள் சேமிப்பு எங்கே இருக்கிறது என்று தேடி, ஒரு பெண்டிரைவில் நகல் எடுத்து வையுங்கள். குடும்பமே பயன்படுத்தும் கணினி என்றால், அக்காளின் வரலாற்றுப் பாட இடுபணியும் அம்மாவின் புகைப்படங்களும் அதே வட்டில் இருக்கக்கூடும். கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

எஸ்எஸ்டி சீக்கிரம் தேய்ந்துவிடும் என்று சிலர் பயமுறுத்துவார்கள். ஒவ்வொரு முறை எழுதி அழிக்கும்போதும் அறையின் மின்காப்பு சிறிது பழுதாவது உண்மைதான். ஆனால் விளையாடும்போது பெரும்பாலும் படிப்பதுதான் நடக்கிறது. படிப்பதால் தேய்மானம் பெரிதாக இல்லை. மாதம் ஒரு விளையாட்டை மாற்றினாலும் கவலைப்பட வேண்டாம்.

அந்தப் படிவம் நான்கு மாணவரிடம், மாற்றுவதற்கு முன்னும் பின்னும் மும்முறை நேரம் அளந்து வரச் சொன்னேன். தொடக்கப்பள்ளியில் படித்த தற்சார்பு மாறி, சார்பு மாறி எல்லாம் இங்கே வேலைக்கு வரும். மாற்றுவது வட்டை மட்டும். விளையாட்டும், திறக்கும் காட்சியும், திரை அமைப்பும் ஒன்றாக இருக்க வேண்டும். ஒவ்வோர் அளவீட்டுக்கும் முன் கணினியை மறுபடி தொடக்க வேண்டும். இல்லையென்றால் சற்றுமுன் படித்ததைக் கணினி தற்காலிக நினைவகத்தில் வைத்திருந்து, இரண்டாம் முறை வேகமாகத் திறந்து நம்மை ஏமாற்றிவிடும்.

அவர் கொண்டுவந்த அளவீடுகள் இவை. வன்தட்டில் 94, 91, 97 வினாடி. எஸ்எஸ்டியில் 38, 36, 37 வினாடி. அவருடைய முகத்தில் வாட்டம் போயிருந்தது. உங்களுக்கு ஒரு கணக்கு: அவருடைய எஸ்எஸ்டி வன்தட்டைவிட 5 மடங்கு வேகமாகப் படிக்கிறது என்று வைத்துக்கொண்டு, எந்த வட்டாலும் குறைக்க முடியாத நேரம் எத்தனை வினாடி என்று கண்டுபிடியுங்கள். ஏறக்குறைய 23 வந்தால் சரி.