ஐரோப்பிய வரலாறு நமக்கு எதற்கு?

"நம்ம சமயத்தையே இன்னும் முழுசா படிக்கல, ஐரோப்பிய வரலாறு எதுக்குண்ணே?" என்று வகுப்பில் தம்பி தங்கைகள் என்னிடம் கேட்பதுண்டு. நல்ல கேள்விதான்.

பிரிக்பீல்ட்ஸ் விவேகானந்தா ஆசிரமம் நமக்கெல்லாம் தெரியும், 1904இல் எழுந்தது. அந்தப் பெயருக்குரிய சுவாமிஜி, கல்கத்தாவில் கல்லூரி மாணவராக இருந்தபோது மேலைத் தத்துவத்தோடு ஐரோப்பிய வரலாறும் படித்தவர். 1893இல் சிகாகோவில் நம் சமயத்தைப் பேசியவரும் அவர்தான். பிறரைப் படித்ததால் அவர் பக்தி குறைந்துவிடவில்லை.

எப்படிப் படிப்பது? பார்த்து வாயைப் பிளக்கவும் வேண்டாம், வெறுத்து ஒதுக்கவும் வேண்டாம். சொன்னதையும் செய்ததையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்க. மனிதர்கள் பிறப்பால் சமம் என்று பிரான்ஸ் 1789இல் அறிவித்தது. ஆனால் அதன் காலனிகளில் அடிமைமுறை அடியோடு ஒழிந்தது 1848இல்தான்.

இனி அதே அளவுகோலை நம் பக்கம் திருப்புவோம். எல்லா உயிரிலும் இறைவன் என்கிறோம். மதுரை மீனாட்சி கோயிலுக்குள் ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைய 1939 ஆனது. அங்கேயும் இங்கேயும், தட்டிக் கேட்டவர்கள் இருந்ததால்தான் நிலைமை மாறியது.

அடுத்த வகுப்புக்கு இப்படி இரண்டு உதாரணம் கொண்டு வாங்க: ஐரோப்பாவில் ஒன்று, நம்மிடம் ஒன்று.