அரச குலத்தில் ஓர் எழுத்துப் பிழை

"தாயைப் போலப் பிள்ளை, நூலைப் போலச் சேலை" என்பது நம் முன்னோர் கண்ட உண்மை. ஆனால் பெற்றோரிடமும் பாட்டன் பாட்டியரிடமும் இல்லாத குறையொன்று பிள்ளையிடம் தோன்றுவது எவ்வாறு? இவ்வினாவிற்கு விடை தருவது சடுதி மாற்றம் என்னும் உயிரியல் உண்மையாகும். இதனை இங்கிலாந்து அரச குடும்பத்தின் வரலாற்றைக் கொண்டு காண்போம்.

விக்டோரியா அரசியார் 1819ஆம் ஆண்டு பிறந்தார். அவருடைய ஒன்பது மக்களுள் ஒருவரான லியோபோல்டு, குருதி எளிதில் உறையாத ஹீமோபிலியா நோயுடன் பிறந்து, 1884இல் கீழே விழுந்து 30 வயதிலேயே மறைந்தார். அரசியாரின் பெண்மக்கள் ஆலிஸ், பியாட்ரிஸ் இருவரும் தமக்கு நோயின்றியே அதனை அடுத்த தலைமுறைக்குக் கொண்டு சென்றனர். ஆலிஸின் மகள் அலெக்சாண்டிரா, ருசிய மன்னர் இரண்டாம் நிக்கோலசை மணந்தார். அவர்களின் மகன் அலெக்சி 1904இல் இந்நோயுடன் பிறந்தான். 1918இல் குடும்பத்தினருடன் கொல்லப்பட்டான்.

அக்குடும்பத்தினரின் எலும்புகளில் எஞ்சியிருந்த டி.என்.ஏ.வை ஆராய்ந்த அறிஞர்கள் 2009இல் நோயின் வேரைக் கண்டறிந்தனர். குருதி உறைவதற்கு வேண்டிய ஒன்பதாம் காரணியை ஆக்கும் மரபணுவில், அடினைன் இருக்க வேண்டிய ஓரிடத்தில் குவானைன் இருந்தது. ஓர் எழுத்து மாறியது. ஓர் அரச குலமே கலங்கியது! இம்மரபணு எக்ஸ் குரோமோசோமில் உள்ளது. பெண்ணுக்கு எக்ஸ் இரண்டு. ஒன்று பழுதானாலும் மற்றொன்று பெரும்பாலும் காக்கும். ஆணுக்கோ எக்ஸ் ஒன்றே.

இத்தகைய பிழை எவ்வாறு நேர்கிறது? மனித மரபுச் செய்தியின் ஒரு தொகுதியில் ஏறத்தாழ 300 கோடி எழுத்துகள் உள்ளன. செல் பிரியுமுன் அவையனைத்தும் படியெடுக்கப்படுகின்றன. ஏடு பெயர்த்தெழுதுவோர் கைப்பிழை செய்வது போல, இங்கும் பிழை நேர்கிறது. நொதிகள் அவற்றுள் பெரும்பாலானவற்றைத் திருத்திவிடுகின்றன. தப்பிய சிலவே சடுதி மாற்றங்கள். புற ஊதாக் கதிர்களும் சில வேதிப்பொருள்களும் இவற்றை மிகுவிக்கும். எக்ஸ் கதிர்கள் பழ ஈக்களில் சடுதி மாற்றங்களைப் பெருக்குவதை முல்லர் 1927இல் மெய்ப்பித்தார்.

பிழை எங்கு நேர்கிறது என்பதும் முக்கியமானது. தோல், நுரையீரல் போன்றவற்றின் உடற்செல்லில் நேர்ந்தால் அது அவரோடு முடியும். சில வேளை புற்றுநோய்க்கும் வித்தாகும். விந்தணுவிலோ கருமுட்டையிலோ நேர்ந்தால் பிள்ளையின் ஒவ்வொரு செல்லிலும் அது இடம்பெறும், வழிவழியாகவும் தொடரக்கூடும்.

விக்டோரியாவின் முன்னோரிடம் இந்நோய் இருந்ததாகத் தெரியவில்லை. ஆகவே அவருடைய பெற்றோருள் ஒருவரின் இனச்செல்லில் அது புதிதாகத் தோன்றியிருக்கலாம் என்பது அறிஞர் கருத்து. அவர் பிறந்தபோது தந்தைக்கு வயது 51. ஆணின் விந்தணுத் தாய்ச்செல்கள் பருவமடைந்தது முதல் ஓயாது பிரிவதால், வயது ஏற ஏறப் படியெடுத்தலும் பிழையும் கூடுகின்றன. எனினும் உறுதியாக இன்னாரிடமிருந்து வந்ததென்று கூற இயலாது.

இன்றும் ஹீமோபிலியா நோயாளிகளுள் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்குக் குடும்பத்தில் முன்பு அந்நோய் இருந்ததில்லை. குழந்தை குறையுடன் பிறந்தால் வீட்டிற்கு வந்த மருமகளைப் பழிப்போர் நம்மிடையே உண்டு. பிழையோ அவளிடத்தில் தோன்றியிருக்கலாம். அவளுடைய தந்தையிடத்தில் தோன்றி அவள் வழியாக வந்திருக்கலாம். எங்குத் தோன்றினும் அது எவருடைய குற்றமும் அன்று. எவருடைய பாவமும் அன்று. நம் ஒவ்வொருவரிடமும் பெற்றோரிடம் இல்லாத பல்லாயிரத்தில் ஒன்றன்று, ஐம்பதுக்கு மேற்பட்ட புதிய எழுத்து மாற்றங்கள் உள்ளன, பெரும்பாலானவை தீங்கற்றவை. அறிவியல் கற்ற நாம் இவ்வுண்மையை இல்லந்தோறும் எடுத்துரைப்போமாக!